முதுகில் முளைத்த கரண்டுக் கம்பம்

அந்தக் கம்பம் முதலில் நின்றது ஒரு நாடக மேடையில். 1980களில் ஜப்பானின் ஷின்யா ட்சுகமோட்டோ நடத்திவந்த 'கைஜு தியேட்டர்' குழு, முதுகில் கரண்டுக் கம்பம் முளைத்த பையனின் கதையை அரங்கேற்றியது. நாடகம் முடிந்ததும், பாடுபட்டுச் செய்த செட்டைப் பிரித்துப்போட ட்சுகமோட்டோவுக்கு மனம் வரவில்லை. 8 எம்.எம். கேமராவைத் தூக்கினார். 1987இல் 'மின்கம்பச் சிறுவனின் சாகசம்' படமானது இப்படித்தான். ஓடும் நேரம் முக்கால் மணி.

பையன் பெயர் ஹிகாரி. கம்பத்தைச் சாக்குவைத்து முரட்டுப் பயல்கள் அவனை வம்புக்கு இழுப்பார்கள். முதுகில் இப்படியொன்றை வைத்துக்கொண்டு எந்தக் கூட்டத்தில் போய் ஒளிவது? கால இயந்திரம் ஏறி எதிர்காலத்துக்குப் போனால், அங்கே உலகையே இருட்டாக்கத் துடிக்கும் ரத்தக்காட்டேரிகள். இங்கே கேலிக்கு ஆளானவன் அங்கே தேவைப்படுகிறான். கதை சிறுபிள்ளைத்தனம்தான். ஆனால் நிற்கிற ஆளை ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்திவைத்து எடுத்து, காலே அசையாமல் பறக்கவிடும் வித்தை இன்றைக்கும் அசத்துகிறது.

1988இல் பியா திரைப்பட விழாவின் பெரும்பரிசு கிடைத்தது. மறுவருடம் கம்பம் வேறு உருவம் எடுத்தது. ட்சுகமோட்டோவின் 'டெட்சுவோ' படத்தில், 16 எம்.எம். கறுப்பு வெள்ளையில், சவரம் செய்துகொண்டிருக்கும் ஆபீஸ் ஆசாமியின் கன்னத்தில் துளிக் கம்பியாகத் தலைகாட்டி, உடம்பு முழுக்க இரும்பாகப் பரவியது. அந்த இரும்பு ரோம் வரை போய் ஃபான்டாஃபெஸ்டிவலில் பரிசு வாங்கியது.

 தமிழ்நாட்டின் போடி மலைச்சரிவுக்கும் முதுகுச் சுமை புதிதா என்ன? லெனின் பாரதியின் 'மேற்குத் தொடர்ச்சி மலை' (2018) படத்தைப் பாருங்கள். அதில் ரங்கசாமி ஏலக்காய் மூட்டையோடு மலையிறங்குகிறான். நோய் முற்றியும் சுமையை விடாத ஒரு கிழவரும் வருகிறார். இவர்கள் உடம்பில் எதுவும் முளைப்பதில்லை. மூட்டைதான் வருடக்கணக்கில் உடம்பாகிப்போகிறது. அதனாலேயே யாரும் கேலி செய்வதில்லை, திரும்பிப் பார்ப்பதுமில்லை. ஹிகாரி பட்டதைவிட இதுதான் எனக்குக் கொடுமையாகப் படுகிறது.

கடைசியில் ரங்கசாமியின் மூட்டை இறங்கிவிடுகிறது. அவன் கையைவிட்டுப் போன சொந்த நிலத்தில் காற்றாலைகள் எழுகின்றன. ஜப்பான் பையன் கம்பத்தோடு உலகைக் காப்பாற்றப் போனான்; இவனுக்குக் கிடைத்தது, கரண்டு எடுக்கும் கம்பத்துக்குச் செக்யூரிட்டி வேலை.