மணலி நாத்தமும் ஒரு நீதிபதியும்

எங்க மணலியில காத்து எந்தப் பக்கமிருந்து அடிக்குதுன்னு மூக்கே சொல்லிடும். கடுமையாக மாசடைந்த தொழிற்பகுதிகளை மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2009இல் பட்டியலிட்டபோது மணலியும் அதில் இருந்தது. இந்த நாத்தத்தில் நின்றுகொண்டுதான் வி.ஆர். கிருஷ்ண ஐயரைப் படிக்க வேண்டியிருக்கிறது. பாலக்காட்டுத் தமிழ்ப் பார்ப்பனரைப் பற்றி நாம் ஏன் பேச வேண்டும் என்று தோழர்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான்.

சென்னை சட்டக்கல்லூரியில் படித்து தலச்சேரியில் வக்கீலானவர். விவசாயிகளுக்கும் தொழிலாளர்களுக்கும் வாதாடினார். கம்யூனிஸ்டுகளுக்கு உதவினார் என்று 1948இல் உள்ளே தள்ளினார்கள். சிறை எப்படியிருக்கும் என்பதைக் கைதியாகப் பார்த்தவர், பின்னாளில் கைவிலங்குக்கு எதிராகத் தீர்ப்பெழுதியதில் வியப்பில்லை. 1952இல் சென்னை சட்டமன்றத்தில் சுயேச்சை உறுப்பினர், 1957இல் இ.எம்.எஸ். அமைச்சரவையில் சட்ட அமைச்சர். 1959இல் அந்த ஆட்சி கலைக்கப்பட்டது. அந்த ஆட்சி தொடங்கிவைத்த நிலச்சீர்திருத்தம் கடைசியில் என்ன ஆனது? குத்தகைதாரனுக்கு நிலம், சேற்றில் நின்ற புலையர், பறையர் கூலிகளுக்குக் குடிசை மண். இதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

1968இல் கேரள உயர்நீதிமன்றம், 1973இல் உச்சநீதிமன்றம். 1975இல் என்.எம். தாமஸ் வழக்கு வந்தது. பதவி உயர்வுத் தேர்வில் தேற தலித், பழங்குடி எழுத்தர்களுக்குக் கேரள அரசு கூடுதல் காலம் கொடுத்தது. அதனால் 51 இடங்களில் 34 நம்ம ஆளுங்களுக்குக் கிடைத்தன. உயர்நீதிமன்றம் அதை அடித்துப்போட்டது. உச்சநீதிமன்றத்தில் ஐந்துக்கு இரண்டு என்ற கணக்கில் சலுகை நின்றது. ஐவரில் கிருஷ்ண ஐயரும் ஒருவர். சமமில்லாதவர்களைச் சமமாக நடத்துவது சமத்துவம் ஆகாது என்பதே அதன் சாரம். ஆனால் அதே தீர்ப்பில்தான், பலனை மேலே உள்ள பாலாடை அடுக்கே அள்ளிக்கொள்கிறது என்றும் எழுதினார். அக்கறையோடுதான் எழுதியிருப்பார். ஆனால் இடஒதுக்கீட்டை வெட்ட நினைப்பவன் கையில் அது இன்றைக்கும் கத்தியாக இருக்கிறது.

இன்னொன்று. அந்த வழக்கை விசாரித்த ஏழு நீதிபதிகளில் ஒரு தலித் கிடையாது. 1950இல் தொடங்கிய உச்சநீதிமன்றத்துக்கு முதல் தலித் நீதிபதியாக நம்ம ஜோலார்பேட்டை ஏ. வரதராஜன் போய்ச் சேர்ந்தது 1980 டிசம்பரில். கிருஷ்ண ஐயர் ஓய்வு பெற்றது அதற்கு முந்தின மாதம். நம் வழக்கை நாம் இல்லாத அறையில் யாரோ நல்லவர் பேச வேண்டியிருந்தது. நல்லவர் இல்லாத நாளில் என்ன செய்வது?

விடையும் அவர் தீர்ப்பிலேயே இருக்கிறது. 1980, ரத்லாம் நகராட்சி வழக்கு. திறந்த சாக்கடை, தெருவில் மலம், சாராய ஆலைக் கழிவு. ஜனங்கள் முதலில் போனது டெல்லிக்கு அல்ல, உள்ளூர் மாஜிஸ்ட்ரேட்டிடம். குற்றவியல் நடைமுறைச் சட்டம் 133ஆவது பிரிவைப் பிடித்தார்கள். காசில்லை என்றது நகராட்சி. காசில்லை என்று கையை விரித்து மனிதக் கண்ணியத்தைத் தள்ளிவைக்க முடியாது என்றார் நீதிபதி. 2024 ஜூலையில் வந்த புதுச் சட்டத்தில் அது 152ஆவது பிரிவு.

2014இல் அவர் இறந்தபோது எல்லோரும் புகழ்ந்தார்கள். 2023 டிசம்பர் வெள்ளத்தில் எண்ணெய் எண்ணூர்க் கழிமுகம் வரை படர்ந்து, வலைகளும் படகுகளும் கறுத்துப்போயின. புகழ்ச்சி நமக்கு வேண்டாம். அந்தப் பிரிவைத் தெரிந்துகொண்டு மனு எழுதும் பத்துப் பிள்ளைகள் இந்தத் தெருவிலிருந்து வரணும். அவர்களில் ஒருத்தி நாளைக்கு அந்த நாற்காலியில் உட்காரணும்.