முகங்களைத் தேடியவர்

படம் முடிந்து பெயர்கள் ஓடி முடியும்வரை எழும்பாதவன் நான். ஆனாலும் 'மிட்நைட் கவ்போய்' படத்தில் மரியன் டொகர்ட்டியின் பெயரைக் காண முடியாது. அது அங்கே இல்லை.

1950களில் நியூயோர்க்கின் நேரடித் தொலைக்காட்சி நாடகங்களுக்கு நடிகர்களைத் தேர்ந்தவர் அவர். நட்சத்திரங்களை அழைக்கப் பணமில்லை; வாராவாரம் ஆட்கள் வேண்டும். ஆகவே சிறிய அரங்குகளில் நாடகம் பார்த்தார். கண்ட ஒவ்வொருவரையும் பற்றிச் சிறு அட்டைகளில் குறித்துவைத்தார். பெயர் பெறுமுன்பே ஜேம்ஸ் டீனுக்கு வேடம் கொடுத்தார்.

'நேக்கட் சிற்றி' தொடரில் ஜோன் வொய்ட் சோபிக்கவில்லை. இருந்தும் 'மிட்நைட் கவ்போய்' நாயகனுக்கு அவரைத்தான் டொகர்ட்டி வற்புறுத்தினார். 1970இல் அது சிறந்த படத்துக்கான ஒஸ்காரை வென்றது. தன் பெயருக்குத் தனி இடம் கேட்டிருந்தார் டொகர்ட்டி. கிடைக்காததால் பெயரே வேண்டாம் என்றார்.

இந்தத் தொழிலாளருக்கு 'இயக்குநர்' என்ற பட்டம் திரையில் வருவதை அமெரிக்க இயக்குநர்கள் சங்கம் எதிர்த்தது. நடிகர் தேர்வுக்கு ஒஸ்கார் உண்டு என்ற அறிவிப்பு 2024இல்தான் வந்தது. டொகர்ட்டி 2011இலேயே மறைந்துவிட்டார்.

ஒரு நடிகரை வியக்கும்போது, அவரை முதலில் நம்பியவர் யார் என்றும் நாம் கேட்கவேண்டும் என்பேன். திரை வரலாற்றில் பாதி அந்தக் கேள்விக்குள் இருக்கிறது.