நிலப்படத்தில் நம் சுவடு



நிலப்படம் என்றதும் பள்ளிச் சுவரில் தொங்கிய வண்ணத்தாளே நம் நினைவுக்கு வரும். ஆனால் நிலப்படம் வழிகாட்டி மட்டும் அன்று. அது ஒரு சாட்சியும் ஆகும். படத்தில் பதிந்தது பின்னாளில் பேசும். பதியாதது ஆள் மறைந்ததும் தானும் மறைந்துபோகும். இவ்வுண்மையை மலாக்கா மாநிலத் தமிழர் வரலாற்றைக் கொண்டே இன்று ஆராய்வோம்.

மலாக்காவில் 1563ஆம் ஆண்டு பிறந்த மனுவேல் கொதின்யோ டி எரேடியா, போர்த்துகீசியத் தந்தைக்கும் தீவுக்கூட்டத்து அரச குலத் தாய்க்கும் மகனானவர். 1613இல் அவர் மலாக்காவைப் பற்றி ஒரு நூல் எழுதி, அதில் படங்களையும் வரைந்து சேர்த்தார். ஆற்றின் வடகரையில், கோட்டைக்கு வெளியே இருந்த புறநகரின் ஒரு பகுதியில் சோழமண்டலக் கரையிலிருந்து வந்தோர் வாழ்ந்ததை அந்நூல் பெயர் சொல்லிக் குறிக்கிறது. நானூறு ஆண்டுகள் கடந்த பின்னும், நம்மவர் அங்கே குடியிருந்தனர் என்று நாம் துணிந்து கூற அப்பதிவு உதவுகின்றது.

அதே வடகரையில், இன்றைய ஜாலான் துக்காங் எமாஸில், மலாக்காச் செட்டிகள் 1781இல் எழுப்பிய ஸ்ரீ பொய்யாத விநாயகர் கோயில் நிற்கிறது. 2008ஆம் ஆண்டு மலாக்கா நகரம் உலக மரபுரிமை இடமானபோது, பாதுகாக்கப்பட வேண்டிய பகுதியின் எல்லை படத்தில் வரையப்பட்டது. இக்கோயிலிருக்கும் தெரு அந்த எல்லைக்கு உள்ளே அமைந்தது.

நகரத்தின் கதை இது. தோட்டத்தின் கதை வேறு.

1896ஆம் ஆண்டு தான் சாய் யான் என்பார் மலாக்காவின் புக்கிட் லிந்தாங்கில் ஏறத்தாழ 40 ஏக்கரில் ரப்பர் பயிரிட்டார். அதன் பிறகு காடுகள் தோட்டங்களாயின. காட்டைத் தோட்டமாக்கு முன் அதை அளக்க வேண்டும். அந்நாளைய அளவைக்கு 66 அடி நீளமுள்ள சங்கிலியே அடிப்படை. 80 சங்கிலி நீளம் ஒரு மைல்; 10 சதுரச் சங்கிலி ஓர் ஏக்கர். சங்கிலியால் நீளத்தையும், தியோடலைட் என்னும் கருவியால் கோணத்தையும் கணித்து, எல்லைக் கற்களை நட்டனர். யாழ்ப்பாணத்திலிருந்து வந்த தமிழர் பலர் மலாயாவின் நில அளவை இலாகாவிலும் பணியாற்றினர் என்பது ஈண்டு நினைக்கத்தக்கது.

இப்படி உருவான தோட்டப் படங்கள் எவற்றைக் காட்டின? எல்லையை, ஏக்கரை, நடவு ஆண்டை, சாலையை, ஆற்றைக் காட்டின. மரத்துக்குக் கணக்கு இருந்தது. மரத்தை வெட்டிப் பாலெடுத்தவர் வணங்கிய மாரியம்மனுக்கும் முனியாண்டிக்கும் தனி எல்லைக்கல் இருந்தது அரிது. பல தோட்டக் கோயில்களும் இடுகாடுகளும் தோட்ட நிலத்துக்குள்ளேயே அடங்கின. அவற்றுக்கெனத் தனிப் பட்டா இல்லை.

இதன் விளைவு பின்னர்தான் தெரிந்தது. 1950களிலும் 60களிலும் ஐரோப்பியர் பலர் தங்கள் தோட்டங்களை விற்றனர். வாங்கியோர் அவற்றைத் துண்டு துண்டாக்கினர். தொழிலாளர் வேலையும் வீடும் இழந்த அக்காலத்தில்தான் துன் வீ. தி. சம்பந்தன் முன்னின்று, 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தார். பின்னாளில் ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. செம்பனை போய் வீடமைப்புத் திட்டங்களும் வந்தன. கைமாறும் நிலத்தின் பத்திரத்தில் கோயில் இல்லையென்றால், அதன் பழமையை எதைக் கொண்டு நிறுவுவது?

இங்கேதான் புதிய கலையொன்று நமக்குத் துணையாகிறது. 1960களில் கனடா நாட்டின் நிலவளத்தைக் கணக்கெடுக்க முயன்றபோது, ரோஜர் டாம்லின்சன் என்னும் அறிஞர் கணினியைக் கொண்டு படங்களை ஆராயும் முறையை வகுத்தார். புவியியல் தகவல் முறைமை என்று அதை அழைக்கிறோம். கண்ணாடித் தாள்கள் பலவற்றை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்குவதாக எண்ணிப் பாருங்கள். ஒன்றில் ஆறு, ஒன்றில் மண்வகை, ஒன்றில் சாலை, ஒன்றில் நில எல்லை. எல்லாம் ஒரே அளவில் பொருந்தும். வேண்டிய அடுக்குகளைச் சேர்த்துப் பார்த்துக் கேள்வி கேட்கலாம்.

1991இல் டுரியான் துங்கால் அணைக்கட்டு வறண்டு மலாக்கா மக்கள் தண்ணீருக்குத் தவித்ததை நம்மில் மூத்தோர் மறந்திரார். மழை எங்கே பெய்கிறது, எந்தச் சரிவு வழியே அணைக்கு வருகிறது, அச்சரிவில் இருப்பது காடா, தோட்டமா, கட்டடமா என்பவற்றை ஒருங்கே காண இந்த அடுக்குமுறை பெரிதும் பயன்படும். நம் நாட்டிலும் 1988இல் தொலையுணர்வு மையம் ஒன்று நிறுவப்பட்டது. 2003இல் துணைக்கோள் அளவைக்குப் பொருந்தும் புதிய நில அளவை அடிப்படையும் நடைமுறைக்கு வந்தது.

நீருக்கும் மண்ணுக்கும் உதவும் இம்முறை நம் வரலாற்றுக்கும் உதவாதா? உதவும். பழைய தோட்டப் படத்தை இன்றைய துணைக்கோள் படத்தின்மேல் பொருத்தினால், லயம் நின்ற இடத்தில் இன்று எந்தச் சாலை ஓடுகிறதென்று காணலாம். கைப்பேசியே இடத்தின் குறியைக் காட்டும் காலம் இது. ஆனால், "இந்த ஆலமரத்தடியில்தான் திருவிழா நடந்தது, அந்த மேட்டில்தான் தாத்தாவை அடக்கம் செய்தோம்" என்பதைத் துணைக்கோள் சொல்லாது. அங்கே வாழ்ந்த பெரியவர்தாம் சொல்ல வேண்டும்.

கெமண்டோர், புக்கிட் லிந்தாங் முதலிய தோட்டங்களின் பெயர்களை இன்றும் தமிழ்ப்பள்ளிகள் தாங்கி நிற்கின்றன. அப்பள்ளிகளின் மாணவர் தம் பாட்டன் பாட்டியரைக் கேட்டு, கோயில், கிணறு, லயம், இடுகாடு ஆகியவற்றைக் குறித்து, ஆண்டையும் சொன்னவர் பெயரையும் அவர் இசைவுடன் எழுதிவைப்பாராயின், அதுவே ஒரு புதிய அடுக்காகும். இத்தகைய படம் பட்டா ஆகாது. நில உரிமையை அதனால் மட்டும் பெற இயலாது. எனினும், பேச்சுவார்த்தை நடக்கும் நாளில் வெறுங்கையுடன் நிற்காமல் இருக்கலாம்.

எரேடியா வரைந்ததால் சோழமண்டலத்தார் குடியிருப்பை நாம் அறிந்தோம். தோட்டத்துத் தமிழருக்கு எரேடியா எவரும் வாய்க்கவில்லை. அந்த வேலை நம் கையில்தான் இருக்கிறது. சொல்லத் தெரிந்தவர்கள் நம்மிடையே இருக்கும்போதே அதைத் தொடங்குவோம்.