அரு. ராமநாதன் (1924–1974)

சிவகங்கைச் சீமையின் கண்டனூரில் பிறந்த நாவலாசிரியர், பத்திரிகையாசிரியர், நாடகாசிரியர். ‘ராஜராஜ சோழன்’ நாடகமும் அதிலிருந்து பிறந்த திரைப்படமுமே இவர் பெயரைப் பரவலாக்கின. அந்தக் கதைக்கு ஜெயங்கொண்டம் வட்டாரத்தில் ஒரு தொடர்ச்சி உண்டு. நாடகம் அதைத் தொடவில்லை.

நாடு விடுதலை பெற்ற 1947-இல் திருச்சியிலிருந்து ‘காதல்’ என்ற மாத இதழைத் தொடங்கினார். வீட்டில் வெளிப்படையாக வைத்துப் படிக்கத் தயங்கவைக்கும் பெயர்தான். ஆனால் சோழ பாண்டியப் போர்களைப் பின்னணியாகக் கொண்ட ‘வீரபாண்டியன் மனைவி’ அதில்தான் தொடராக வந்தது. அந்த நாவலின் ஜனநாதன் பாத்திரம், சரித்திரக் கதை வாசகர்கள் இன்றும் எடுத்துப் பேசுவது. பின்னர் சென்னையில் பிரேமா பிரசுரத்தை நிறுவி, உலகச் சிந்தனையாளர்களைப் பற்றிய மலிவு விலை நூல்களை வரிசையாக வெளியிட்டார். 1959-இல் வெளிவந்த ‘தங்கப்பதுமை’ படத்துக்கு வசனம் எழுதியவரும் இவரே.

‘ராஜராஜ சோழன்’ நாடகத்தை டி.கே.எஸ். சகோதரர்கள் 1955-இல் மேடையேற்றினார்கள். ராஜராஜனாக நின்றவர் டி.கே. சண்முகம், ஔவையாராகக் கூன் விழுந்து நடித்துப் பெயர் வாங்கிய அதே ‘ஔவை’ சண்முகம். கதையில் போர்க்களம் குறைவு, குடும்பச் சண்டை அதிகம். ராஜராஜனின் மகள் குந்தவை வேங்கி நாட்டு விமலாதித்தனை விரும்புகிறாள்; தந்தை குறுக்கே நிற்கிறார். மகன் ராஜேந்திரனோடும் மனவேறுபாடு. இவ்வளவுக்கும் நடுவே மேலைச் சாளுக்கியர்களுக்காக உளவு பார்க்கும் பாலதேவர் அரண்மனைக்குள்ளேயே உட்கார்ந்திருக்கிறார். மண உறவு வரலாறு. அதற்கு எழுந்த எதிர்ப்பும் சூழ்ச்சியும் நாடகாசிரியரின் சரக்கு. வாள் வீச்சைக் காட்ட மேடையில் இடம் போதாது. அப்பனும் மகளும் எதிரெதிரே நின்று பேச ஒரு தர்பார் போதும். தொழில் தெரிந்தவரின் தேர்வு என்றுதான் இதைச் சொல்ல வேண்டும்.

அந்தத் திருமணத்தின் விளைவு ஜெயங்கொண்டத்துக்குப் பக்கத்திலுள்ள கங்கைகொண்ட சோழபுரத்தில் தெரியவந்தது. குந்தவை–விமலாதித்தன் தம்பதியின் மகன் ராஜராஜ நரேந்திரன். அவன் மணந்தது ராஜேந்திரனின் மகள் அம்மங்கையை. அவர்களுக்குப் பிறந்தவன்தான் முதலாம் குலோத்துங்கன். 1070-இல் கங்கைகொண்ட சோழபுரத்து அரியணையில் ஏறினான், ஜெயங்கொண்டாரின் ‘கலிங்கத்துப்பரணி’க்கும் தலைவனானான். சோழர்கள் அங்கே இருந்து ஆண்ட அரண்மனையில் இன்று எஞ்சியிருப்பவை மாளிகைமேட்டு அகழாய்வில் வெளிப்பட்ட செங்கல் அடித்தளங்கள். அவ்வூர்ச் சிவன் கோயில் மட்டும் நிற்கிறது. அதன் வடக்கு வாயிலருகே சண்டேசர் தலையில் சிவன் மாலை சுற்றும் சிற்பத்தைப் பார்ப்பவர்கள், குனிந்திருப்பது ராஜேந்திரனே என்று சொல்வதுண்டு. நாடகத்தில் தந்தையோடு முரண்படும் இளவரசன், இங்கே தஞ்சையை விட்டு வந்து தனித் தலைநகர் கண்ட பேரரசன்.

படம் 1973 மார்ச் 31 அன்று வெளியானது. தயாரித்தவர் சென்னை ஆனந்த் தியேட்டர் அதிபர் ஜி. உமாபதி, இயக்கியவர் ஏ.பி. நாகராஜன். நாகராஜன் சிறுவயதில் டி.கே.எஸ். குழுவில் நடித்து வளர்ந்தவர் என்பதால் நாடகம் வெளியாள் கைக்குப் போகவில்லை. சிவாஜி கணேசன் ராஜராஜன், லட்சுமி மகள் குந்தவை, எஸ். வரலட்சுமி அக்காள் குந்தவை, முத்துராமன் விமலாதித்தன், சிவகுமார் ராஜேந்திரன், நம்பியார் பாலதேவர். இசை குன்னக்குடி வைத்தியநாதன். தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமும் இதுவே. தஞ்சைப் பெரிய கோயிலில் படமெடுக்க அனுமதி கிடைக்காததால் ஸ்டுடியோவில் செட் போட்டார்கள். திரை அகன்றதே தவிர, காட்சிகள் மேடை எல்லையைத் தாண்டவில்லை. பாத்திரங்கள் வரிசையாக நின்று பேசுகின்றன, அகலத்தின் இரு ஓரங்களும் தூண்களுக்கும் திரைச்சீலைகளுக்கும் போய்விடுகின்றன. படத்தைக் காப்பது வசனமும் அதைச் சொல்லும் சிவாஜியும்.

மேடை ராஜராஜனான சண்முகம் படம் வெளிவருவதற்கு ஆறு வாரம் முன்பு, பிப்ரவரி 15 அன்று காலமானார். ராமநாதன் மறுவருடம், 1974-இல் மறைந்தார். பின்னாளில் தமிழக அரசு அவருடைய நூல்களை நாட்டுடைமையாக்கியது.