ஒளியால் பொழுது படைத்தவர்

பொருநைக் கரையினருக்குச் செருமானியர் புதியவர் அல்லர். 1820இல் பாளையங்கோட்டைக்கு வந்த இரேனியஸ், தமிழுக்கு இலக்கண நூல் யாத்து, 1838இல் அங்கேயே மறைந்தார். அவருக்கு ஒரு நூற்றாண்டிற்குப் பின் வந்து, இந்தியாவைத் தம் தொழிற்களமாகவும் வாழ்விடமாகவும் ஏற்ற மற்றொரு செருமானியர் ஒளிப்பதிவாளர் யோசெப் விர்சிங்.

1903இல் மியூனிக் நகரில் பிறந்த அவர், அந்நகரின் எமெல்கா படநிறுவனத்தில் பணியாற்றினார். இமான்சு ராய் புத்தர்பிரான் வரலாற்றைப் ‘பிரேம் சன்யாஸ்’ என்னும் ஊமைப்படமாக்க அந்நிறுவனத்தோடு இணைந்தபோது, 1925இல் இயக்குநர் பிரான்ஸ் ஆஸ்டனுடன் இந்தியா வந்தார். 1934இல் ராயும் தேவிகா ராணியும் பம்பாய் மலாடில் ‘பாம்பே டாக்கீஸ்’ நிறுவவே, மீண்டும் வந்து அதன் ஒளிப்பதிவாளரானார். சாதிக்கொடுமையைப் பேசிய ‘அச்சுத் கன்யா’ (1936) அவர் படம்பிடித்ததாகும். அதே காலப்பகுதியில் சேலம் மாடர்ன் தியேட்டர்சிலும் போடோ குட்ச்வாகர் என்னும் செருமானியர் ‘உத்தமபுத்திர’னுக்கு (1940) ஒளிப்பதிவு செய்தார் என்பது ஈண்டு நினையத்தக்கது.

1939இல் போர் மூண்டது. பகைநாட்டவர் என ஆஸ்டனும் விர்சிங்கும் சிறைப்பட்டனர். நாட்சிக் கட்சி உறுப்பினரான ஆஸ்டன் தாயகம் மீண்டார். விர்சிங்கோ போர்க்காலத்தைத் தடுப்பு முகாம்களில் கழித்தார். கலைஞன் ஒருவனின் முதிர்ச்சிக்குரிய ஆண்டுகளைப் போர் கவர்ந்துகொண்டது. ஆயினும், தம்மை அடைத்துவைத்த நாட்டை அவர் துறந்தாரல்லர். விடுதலைக்குப் பின்னும் இங்கேயே தொழிலைத் தொடர்ந்தார்.

கமால் அம்ரோகியின் ‘மஹல்’ (1949) அவர்தம் ஆற்றலுக்குச் சான்று. நிலமும் பொழுதும் முதற்பொருள் என்பது தொல்காப்பிய நெறி. அப்படத்தில் இருள் வெறும் பின்னணியன்று. பாழ்மனையும் யாமமும் கூடியே காதலின் ஏக்கத்தையும் அச்சத்தையும் பிறப்பிக்கின்றன. சொல்லால் புலவன் அமைக்கும் சிறுபொழுதை அவர் விளக்கொளியால் அமைத்தார்.

‘பாகீசா’ முற்றுப்பெறுமுன் 1967இல் பம்பாயில் அவர் மறைந்தார். எஞ்சிய பகுதிகளைப் பிற ஒளிப்பதிவாளர்கள் நிறைவுசெய்ய, 1972இல் படம் வெளிவந்தது. மீனா குமாரியைப் போற்றுவோருள் விர்சிங்கின் பெயரறிந்தோர் சிலரே.

இயற்பெயர் தெரியாத குறுந்தொகைப் புலவரை அவர் படைத்த உவமையாலேயே செம்புலப்பெயல்நீரார் என்றழைத்தது தமிழ்மரபு. பெயர் மறைந்தாலும் படைத்த காட்சியே படைப்பாளிக்கு முகவரியாகும் என்றறிந்த மரபு அது. அம்மரபினர்க்கு விர்சிங் அயலவர் அல்லர்.