அரைக்காசு அம்மன் ஊரில் ஓர் அரைநாள்

பழைய திருச்சி சாலை வழியாக வரும் பேருந்து, புதுக்கோட்டை ஊருக்குள் நுழையும் முன் திருக்கோகர்ணத்தில் நிற்கும். உள்ளூர்க்காரர்கள் இறங்குவார்கள், வேண்டுதல் உள்ளவர்கள் இறங்குவார்கள். செட்டிநாட்டு வீடுகளைப் பார்க்கக் காரைக்குடிக்குப் போகிறவர்களும் ராமேஸ்வரத்துக்குப் போகிறவர்களும் இருக்கையை விட்டு எழுவதில்லை. ஒரு சமஸ்தானத்தின் வரலாறு முழுவதும் அந்தச் சாலையோரத்தில்தான் இருக்கிறது. விடிந்ததும் தொடங்கினால் மத்தியானச் சாப்பாட்டு நேரத்துக்குள் பார்த்து முடித்துவிடலாம். ஆனால் வரிசை முக்கியம். முதலில் கோயில், பிறகு அருங்காட்சியகம், கடைசியில் நகரத்து வீதிகள். இந்த வரிசை மாறினால் புதுக்கோட்டை வெறும் அரண்மனைக் கட்டடங்களாகத்தான் கண்ணில் படும்.

வியட்நாமின் பழைய தலைநகரான ஹுவேயில் இப்படிப்பட்ட அரைநாள் சுற்று நன்றாகப் பழகிய ஏற்பாடு. கோட்டை, அரண்மனை வாயில், ஆற்றங்கரைப் பௌத்த ஆலயம் என்று வழிகாட்டி அழைத்துப் போவார்; எல்லாவற்றையும் ஒரே கதையாகக் கோத்துச் சொல்வார். 1802இல் ஆட்சிக்கு வந்த ஜியா லாங் எழுப்பத் தொடங்கிய கோட்டை நகரம் அது. கடைசி அரசர் பாவோ தாய் 1945 ஆகஸ்ட் 30 அன்று அதன் தெற்கு வாயிலில் முடி துறந்தார். 1993இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னங்களின் பட்டியலில் சேர்த்தது.

புதுக்கோட்டையின் காலக்கணக்கும் ஏறக்குறைய அதே. ஹுவே எழுந்த தலைமுறையில்தான் புதுக்கோட்டையும் நேர்த் தெருக்களோடு புதிதாகக் கட்டப்பட்டது. பாவோ தாய் விலகி மூன்று ஆண்டு நிறைவதற்குள் புதுக்கோட்டை அரசரான தொண்டைமானும் ஆட்சியை ஒப்படைத்தார். வியட்நாம் இந்தப் பக்கத்து மக்களுக்கு அந்நியமான நாடும் அல்ல. ராயவரம், கோனாபட்டு, பனையப்பட்டி என்று இந்த மாவட்டத்திலும் நகரத்தார் ஊர்கள் உண்டு. கொண்டுவிற்கப் போன நகரத்தாரின் ஊர்களில் சைகோனும் ஒன்று. அங்கே தண்டாயுதபாணிக்குக் கோயிலும் கட்டி வைத்தார்கள்.

திருக்கோகர்ணத்தின் கதை ஒரு பாறையிலிருந்து தொடங்குகிறது. கோகர்ணேசுவரர் இருப்பது கட்டிய கருவறையில் அல்ல, குடைந்த கருவறையில். முதலாம் மகேந்திரவர்மனின் காலம், அதாவது ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதி என்று கோயில் வரலாறு சொல்லும். பாண்டியர் பணி என்றும் முத்தரையர் பணி என்றும் சொல்லும் ஆய்வாளர்கள் உண்டு. எந்தக் கணக்கிலும் ஆயிரத்து இருநூறு ஆண்டுக்குக் குறையாது. முன் மண்டபத்துப் பாறைச் சுவரில் பெரிய புடைப்புச் சிற்பங்கள் இரண்டு. ஒன்று பிள்ளையார். இன்னொன்று கங்காதரர், சடையை ஏந்தி இறங்கிவரும் கங்கையைத் தாங்குகிற சிவன்.

தலபுராணத்தைக் கேட்டுவிட்டு அந்தக் கங்காதரரைப் பார்க்க வேண்டும். சாபம் பெற்றுப் பூமிக்கு வந்த தெய்வப் பசு ஒன்று நாள்தோறும் தன் காதில் கங்கை நீரைச் சுமந்து வந்து இங்குள்ள லிங்கத்துக்கு அபிஷேகம் செய்ததாம். ஒருநாள் வழியில் புலி மறித்தது. பூசையை முடித்துவிட்டுத் திரும்பி வருகிறேன் என்று சொல்லிப் போன பசு, சொன்னபடியே புலியின் முன் வந்து நின்றது. புலியாக வந்தவர் சிவன். அந்த இடம் பக்கத்து ஊரான திருவேங்கைவாசல். அங்கே கோயில் கொண்டிருப்பவர் வியாக்ரபுரீசுவரர். கங்கையைச் சுமந்துவந்த பசுவின் கதையும் கங்கையைத் தாங்கும் சிவனின் சிற்பமும் ஒரே கோயிலில் சேர்ந்திருப்பது தற்செயல் என்று தோன்றவில்லை. மழையை நம்பி, கண்மாயை நம்பி வாழ்ந்த வறண்ட சீமை இது. பாறைச் சுனையில் நின்ற தண்ணீர் கங்கைக்குச் சமானமாகப் பட்டதில் வியப்பென்ன?

குடைவரைக்கு முன்னால் சோழர், பாண்டியர், விஜயநகரத்தார், தொண்டைமான்கள் என்று ஒவ்வொரு காலத்தவரும் மண்டபம் மண்டபமாக நீட்டிக்கொண்டே வந்திருக்கிறார்கள். அதனால் தெருவிலிருந்து கருவறைக்குப் போகும் வழி நீளமானது. நடக்க நடக்கக் காலம் பின்னோக்கிப் போகும். முன்னால் இருக்கும் மண்டபத் தூண்களில் ரதி, மன்மதன், வீரபத்திரர் என ஆளுயரச் சிற்பங்கள். அண்ணாந்து பார்த்தால் விதானத்தில் ராமாயண ஓவியங்கள். பெரும்பாலோர் அண்ணாந்து பார்ப்பதில்லை, நேரே அம்மன் சந்நிதிக்கு நடந்துவிடுகிறார்கள். அவர்கள் தேடி வந்தது பிரகதாம்பாளை. ஊர் வழக்கில் அரைக்காசு அம்மன்.

தொண்டைமான் ஆட்சி 1686இல் தொடங்கியது. ராமநாதபுரம் கிழவன் சேதுபதியின் மைத்துனரான ரகுநாதராயத் தொண்டைமான் முதல் அரசர். பட்டம் சூட்டிக்கொள்ளும் இடம் குடுமியான்மலையாக இருந்தது. 1730இல் விஜயரகுநாதராயத் தொண்டைமான் முடிசூடியதும் அங்கேதான். அவர் காலத்தில்தான் பிரகதாம்பாள் சமஸ்தானத்துக்கே தலைவியானாள்.

சதாசிவ பிரம்மேந்திரர் 1738இல் திருவரங்குளம் காட்டுப்பக்கம் மௌனியாகத் திரிந்துகொண்டிருந்தபோது அரசர் அவரைச் சந்தித்தார் என்பது சமஸ்தான மரபு. பேசாத சந்நியாசி மணலில் எழுதி உபதேசம் செய்தார். அரசர் அந்த மணலை மேல்துணியில் அள்ளி முடிந்துகொண்டு வந்தார். அரண்மனைக்குள் தட்சிணாமூர்த்தி சந்நிதியில் அது பூசைக்குரிய பொருளாக வைக்கப்பட்டது. பிட்சாண்டார்கோயில் கோபாலகிருஷ்ண சாஸ்திரியைக் குருவாக அழைத்துக்கொள்ளச் சொன்னதும், நவராத்திரியைப் பெரிதாகக் கொண்டாடச் சொன்னதும் அந்த மணலெழுத்தே என்கிறார்கள். பிரம்மேந்திரர் எழுதியதில் எது மரபு, எது பின்னால் சேர்ந்தது என்று பிரிப்பது கடினம். ஆனால் நவராத்திரி நடந்தது உண்மை. அந்த நவராத்திரிக்காக அடித்த காசு இன்றும் கையில் எடுத்துப் பார்க்கக் கிடைக்கிறது.

அது சின்னஞ்சிறு செப்புக் காசு. ஒரு பக்கம் அமர்ந்த கோலத்தில் பிரகதாம்பாள், மறுபக்கம் தெலுங்கு எழுத்தில் ‘விஜய’. நவராத்திரி நாட்களில் ஏழைகளுக்கு அரிசியும் அந்தக் காசும் கொடுத்தார்கள். தானமாகக் கொடுத்த காசு கடைத்தெருவிலும் செல்லுபடியானது. ஓர் அணாவுக்கு 20 காசு. உள்ளூர் நாணயங்களை எல்லாம் ஆங்கிலேயரின் ரூபாயும் அணாவும் தள்ளிவிட்ட பிறகும் புதுக்கோட்டையில் அம்மன் காசு நிலைத்தது. கையால் அடித்த உருண்டைக் காசின் இடத்தில் 1889 முதல் இங்கிலாந்தின் பர்மிங்ஹாமில் இயந்திரத்தில் அடித்த வட்டக் காசு வந்தது. கப்பலேறி வந்த காசிலும் அம்மனும் ‘விஜய’வும் அப்படியே இருந்தன. மகாராணியின் முகம் அதில் ஏறவில்லை.

திருவிதாங்கூரில் மார்த்தாண்ட வர்மா 1750இல் நாட்டையே பத்மநாபசுவாமிக்கு ஒப்படைத்துவிட்டுப் பத்மநாபதாசரானார். புதுக்கோட்டை அரசர்களின் பெயருக்கு முன்னும் ‘ஸ்ரீ பிரகதாம்பாதாஸ்’ என்ற பட்டம் வரும். தெய்வத்துக்கு அடிமை என்று அரசன் தன்னைச் சொல்லிக்கொள்வதில் அரசியல் லாபம் இருந்தது, அதை மறுப்பதற்கில்லை. ஆனால் அந்த அரசியல் குடிமக்களின் மடியில் ஒரு காசாகவும் ஒரு படி அரிசியாகவும் வந்து விழுந்தது. அதனால்தான் சமஸ்தானம் போய் முக்கால் நூற்றாண்டு கடந்தும் அம்மனின் பெயர் மாறவில்லை. சாவி தொலைந்தால், நகை தொலைந்தால், பத்திரம் காணாமல் போனால் அரைக்காசு அம்மனுக்கு வெல்லம் வைப்பதாக வேண்டிக்கொள்ளும் வழக்கம் தமிழகம் எங்கும் பரவியிருக்கிறது. சென்னை வண்டலூரை அடுத்த ரத்தினமங்கலத்தில் அவள் பெயரிலேயே கோயில் எழுந்திருக்கிறது. வேண்டிக்கொள்கிறவர்களில் பலருக்கு மூல ஊர் திருக்கோகர்ணம் என்பது தெரியாது.

கோயிலிலிருந்து நடக்கிற தூரத்தில் அரசு அருங்காட்சியகம். 1910இல், மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் காலத்தில் சமஸ்தானம் அதைத் தொடங்கியது. தமிழ்நாட்டு அரசு அருங்காட்சியகங்களில் எழும்பூருக்கு அடுத்துப் பெரியது இதுதான். முதுமக்கள் தாழிகள், சமணத் தீர்த்தங்கரர் சிலைகள், செப்புத் திருமேனிகள், தொண்டைமான் காலத்து ஆயுதங்கள், காசுகள், பாடம் செய்த விலங்குகள் எல்லாம் இங்கே உண்டு. பள்ளிப் பிள்ளைகள் பாடம் செய்த விலங்குகளிடம் ஓடுவார்கள். பெரியவர்கள் கல்லையும் செம்பையும் பார்க்க வேண்டும். தாழிகளும் சமணச் சிலைகளும் கிடைத்த நிலம் இந்தச் சீமைதான். 15 கிலோமீட்டர் தள்ளி இருக்கும் சித்தன்னவாசலில் சமணத் துறவிகளின் கற்படுக்கைகளும், இரண்டாயிரம் ஆண்டு பழமையான தமிழி எழுத்தும், பின்னால் வந்த அறிவர் கோயில் ஓவியங்களும் இருக்கின்றன. ஊரை ஒட்டிய பொற்பனைக்கோட்டையில் 2023இல் மாநிலத் தொல்லியல் துறை அகழாய்வு செய்தது.

இத்தனை செல்வம் இங்கே பத்திரப்பட்டதற்குச் சமஸ்தானத்தின் படிப்பாளிகளும் ஒரு காரணம். எஸ். ராதாகிருஷ்ண ஐயர் 1916இல் சமஸ்தான வரலாற்றை எழுதினார். ஆயிரத்துக்கும் மேற்பட்ட கல்வெட்டுகளின் மூலத்தைச் சமஸ்தானமே 1929இல் அச்சிட்டது. தொடர்ந்து கே.ஆர். வேங்கடராம ஐயரின் பெருந்தொகுதிகள் வந்தன. திருச்சிக்கும் ராமநாதபுரத்துக்கும் நடுவில் இருந்த சின்னஞ்சிறு அரசு, தன் ஊர்களை ஊர் ஊராக, கல் கல்லாக எழுதி வைத்தது. பெரிய மாவட்டங்கள் பலவற்றுக்கு இன்றுவரை இந்தக் கொடுப்பினை வாய்க்கவில்லை.

வெயில் ஏறுவதற்குள் நகரத்துக்குப் போய்விடலாம். கூரை வீடுகள் நிறைந்த பழைய ஊர் 1812இல் தீயில் அழிந்தது. அப்போதைய அரசர் விஜயரகுநாதத் தொண்டைமான், ஆங்கிலேய ரெசிடெண்ட் பிளாக்பர்னின் ஆலோசனையோடு, அகன்ற நேர் வீதிகளும் ஓட்டு வீடுகளுமாக ஊரை மறுபடி கட்டினார். நடுவில் அரண்மனை, அதைச் சுற்றி நான்கு ராஜவீதிகள், அவற்றுக்கு வெளியே இரண்டாம் வீதி, மூன்றாம் வீதி, நான்காம் வீதி என்று எண்களால் பெயர் பெற்ற தெருக்கள். திசையும் எண்ணும் தெரிந்தால் போதும், யாரையும் வழி கேட்க வேண்டாம். 1878இல் திவானாக வந்த அ. சேஷையா சாஸ்திரி குளங்களைத் தூர்வாரினார். அலுவலகங்கள், மருத்துவமனை, பள்ளி என்று கட்டினார். இன்றைக்கும் பல்லவன் குளத்தின் கரையில் நின்றால் அவர் நினைவு வரும்.

மார்த்தாண்ட பைரவர் 1915இல் ஆஸ்திரேலியாவில் மோலி ஃபிங்க் என்ற பெண்ணை மணந்தார். ஆங்கில அரசு அந்த மணத்தை ஏற்கவில்லை. அவர் வெளிநாட்டிலேயே தங்கி 1928இல் பாரிஸில் இறந்தார். அடுத்துப் பட்டத்துக்கு வந்த ராஜகோபாலத் தொண்டைமான் அப்போது சிறுவன். 1948 மார்ச்சில் இந்திய ஒன்றியத்தோடு சமஸ்தானத்தை இணைத்ததும் அவரே. 1974 ஜனவரி 14 அன்று புதுக்கோட்டை தனி மாவட்டமானது. அவருடைய புது அரண்மனை இன்று மாவட்ட ஆட்சியர் அலுவலகம். பட்டா மாறுதலுக்கு மனுவோடு வருகிறவர்கள் அதன் வாசற்படியில்தான் ஏறுகிறார்கள்.

கட்டடங்களோடு நிறுத்திக்கொண்டால் இந்த ஊருக்கு நியாயம் செய்ததாகாது. குடுமியான்மலைப் பாறையில் கிரந்த எழுத்தில் சுரங்களை வெட்டிவைத்த நாடு இது. மாமுண்டியா பிள்ளை கஞ்சிராவைக் கச்சேரி மேடையில் ஏற்றியது புதுக்கோட்டையில். அவருடைய சீடர் தட்சிணாமூர்த்தி பிள்ளை மிருதங்கத்திலும் கஞ்சிராவிலும் ஒரு வழியையே உண்டாக்கினார். அவரிடம் மிருதங்கம் கற்றவர் 1910இல் பிறந்த திருக்கோகர்ணம் ரங்கநாயகி அம்மாள். மேடையில் மிருதங்கம் வாசித்த முதல் பெண்களில் ஒருவர். ஊர்ப் பெயரைத் தன் பெயரோடு சேர்த்துச் சுமந்தவர். மகாராஜா கல்லூரியில் படித்த மருத்துவர் முத்துலட்சுமி ரெட்டியும் புதுக்கோட்டையில் 1886இல் பிறந்தவர். அரைநாள் சுற்றில் இவர்கள் பெயரைச் சொல்லாத வழிகாட்டி பாதி ஊரைத்தான் காட்டியவராவார்.

இங்கே குறை ஒன்றுதான். ஹுவேயில் மூன்று இடங்களையும் ஒரு கதை இணைக்கிறது. இங்கே கோயில் தேவஸ்தானத்தின் பொறுப்பு, அருங்காட்சியகம் இன்னொரு துறையின் பொறுப்பு, வீதிகள் நகர நிர்வாகத்தின் பொறுப்பு. ஒவ்வொன்றும் தனித்தனியே நல்ல நிலையில் இருந்தாலும், விதானத்து ராமாயணத்தை அண்ணாந்து பார்க்கச் சொல்லவும், காசிலிருந்து கோயிலுக்கும் கோயிலிலிருந்து நகரத்துக்கும் கைபிடித்து அழைத்துப் போகவும் ஆள் வேண்டும். புதுக்கோட்டைக் கல்லூரிகளில் வரலாறு படிக்கும் பிள்ளைகளுக்கு இந்த வேலையைப் பழக்கலாம். பெரிய செலவு எதுவும் இல்லை. சித்தன்னவாசலையும் திருமயத்தையும் மட்டும் பார்த்துத் திரும்பும் பேருந்துகளுக்கும் நின்று போக ஒரு காரணம் கிடைக்கும்.

போக விரும்புகிறவர்கள் நாளைப் பார்த்துக்கொள்ளுங்கள். அம்மனுக்கு வெள்ளிக்கிழமை விசேஷம் என்று அன்றைக்குக் கிளம்பினால் அருங்காட்சியகம் பூட்டியிருக்கும். அரசு அருங்காட்சியகங்களுக்கு வெள்ளிதான் வார விடுமுறை. மத்தியானம் கோயில் நடை சாத்திவிடுவார்கள். ஆகவே வேறொரு நாளில், காலையிலேயே, முதலில் கோயிலுக்குப் போங்கள்.