அந்தக் கல்லை மேலே ஏற்றியது யார்?

ஓசூரிலிருந்து கிருஷ்ணகிரிக்குப் போகும் வழியில், சூளகிரியை நெருங்கும்போது காரின் பின் சீட்டிலிருந்து ஒரு கேள்வி வரும்: "அந்தக் கல்லையெல்லாம் மலை மேல யாரு தூக்கி வெச்சா?" ஒன்றின் மேல் ஒன்றாக, இதோ விழப்போகிறேன் என்று நிற்கும் உருண்டைப் பாறைகளைப் பார்த்தால் பெரியவர்களுக்கே அந்தச் சந்தேகம் வரும். ஊர்ப்பக்கம் கேட்டால் பீமன் என்பார்கள்.

யாரும் தூக்கி வைக்கவில்லை. கல் இருந்த இடத்திலேயே இருக்கிறது. சுற்றி இருந்ததுதான் போய்விட்டது. நம் பகுதிப் பாறைகள் சுமார் 250 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமிக்கடியில் வெகு ஆழத்தில் உருவானவை. மேலிருந்த பாரம் அரித்துப் போகப் போக, அழுத்தம் தளர்ந்து பாறையில் குறுக்கும் நெடுக்குமாக வெடிப்புகள் விழுந்தன. அதில் இறங்கிய மழைத்தண்ணீர், கல்லிலுள்ள ஃபெல்ஸ்பார் என்ற கனிமத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் களிமண்ணாக்கியது. மூலைகளைத் தண்ணீர் பல பக்கமிருந்தும் தின்னும் அல்லவா, சதுரக் கட்டிகள் உருண்டையாயின. மண் கரைந்து ஓடியபின் உருண்டைகள் மட்டும் மிஞ்சின. மாமல்லபுரத்து வெண்ணெய் உருண்டைக்கும் இதே கதைதான்.

இதே பாறை வெங்காயத் தோல் மாதிரி பலகை பலகையாகவும் உரியும். உளி வைத்துப் பிளந்தது போலவே இருக்கும். குழப்பம் இங்கேதான் ஆரம்பம். ஏனென்றால் இப்படிப்பட்ட பலகைக் கற்களை வைத்துத்தான் இரும்புக்கால மக்கள் இறந்தவர்களுக்குக் கற்திட்டைகள் எழுப்பினார்கள். நம் மாவட்டத்து மல்லச்சந்திரத்தில் மலை மேலேயே அவை ஏராளமாக நிற்கின்றன. இரும்புக்காலம் என்றால் எவ்வளவு பழசு என்பதற்கு ஒரு தகவல்: இதே மாவட்டத்தின் மயிலாடும்பாறையில் கிடைத்த இரும்பின் காலம் கி.மு. 2172 என்று 2022-ல் முதல்வர் சட்டமன்றத்தில் அறிவித்தார்.

பாறைச் சரிவா, கற்திட்டையா என்று எப்படிக் கண்டுபிடிப்பது? பலகைகள் செங்குத்தாக ஒரு அறை போல நிறுத்தப்பட்டு, மேலே மூடுகல் இருக்கிறதா பாருங்கள். ஒரு பலகையில் வட்டமாக வெட்டிய துளை இருந்தால் சந்தேகமே வேண்டாம். அதற்கு இடுதுளை என்று பெயர். சுற்றிலும் கற்களை வட்டமாகப் பதித்திருப்பதும் ஒரு அடையாளம். பாறை மேல் தண்ணீர் தேங்கித் தேங்கி உண்டான குழிகளை மட்டும் மனித வேலை என்று நினைத்துவிடாதீர்கள். அவை பெரும்பாலும் இயற்கைச் சுனைகள்.

இந்த வித்தியாசம் தெரியாததால் நடக்கும் நஷ்டம் பெரிது. நம் மாவட்டம் கிரானைட்டுக்குப் பேர் போனது. சமையல் மேடைகளில் பார்க்கும் 'பாரடைசோ' இந்தப் பக்கத்துக் கல்தான். மூடுகல் சரிந்துபோன கற்திட்டை, தெரியாதவர் கண்ணுக்கு வெறும் பலகைக் குவியல். வேலிக்கோ வாசற்படிக்கோ நாலு பலகையை எடுத்துவிட்டால் அந்த வரலாறு அத்தோடு போச்சு. மத்திய அரசு பாதுகாக்கும் சின்னமாக இருந்தால் 100 மீட்டர் சுற்றளவில் கட்டடமே கூடாது என்கிறது சட்டம். பட்டியலில் ஏறாததற்கு அந்தக் காவல் கிடையாது.

இயற்கைப் பாறைகளின் பாடு இன்னும் மோசம். பெங்களூரு லால்பாக்கில், கெம்பே கவுடா கோபுரம் நிற்கும் பாறையை இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை தேசியப் புவியியல் சின்னமாக அறிவித்திருக்கிறது. அதற்குச் சற்றும் சளைக்காத சூளகிரி உருண்டைகளுக்கு அப்படி ஒரு பட்டமும் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை மலையேறப் போகிறவர்கள் வட்டத் துளையுள்ள பலகை எதையாவது பார்த்தால், கையை வைக்காமல் போட்டோ எடுத்து, இடத்தைக் குறித்துக்கொண்டு கிருஷ்ணகிரி அரசு அருங்காட்சியகத்தில் சொல்லுங்கள். நடுகற்கள் நிறைய வைத்திருக்கிறார்கள். குழந்தைகளையும் கூட்டிப் போகலாம்.